கதவுக்காரனும் உலைக்காரியும்

கோட்டைக் கதவு அகலத் திறந்து கிடக்கிறது. உள்ளேயிருந்து ஒரு குதிரை மட்டும் மெதுவாக நடந்து வெளியே வருகிறது. அதன் மேல் ஆள் இல்லை. சேணம் ஒரு பக்கமாகச் சரிந்து தொங்குகிறது.

கதவுக்கு வெளியே ஒரு பெண் நிற்கிறாள். ஓடைக்குத் தண்ணீர் எடுக்கப் போனவள். தோளில் ஒரு கழி, கழியின் இரண்டு முனையிலும் மரவாளி. குதிரை அவளைத் தாண்டிப் போகிறது. அவள் அதைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. கதவையே பார்க்கிறாள். பிறகு தோளைத் தாழ்த்தி வாளிகளைத் தரையில் வைக்கிறாள். ஒரு சொட்டு சிந்தவில்லை.

அழுவாள் என்று காத்திருந்தேன். நம்ம ஊர்ப் படமாக இருந்தால் அந்த இடத்தில் இடி இடித்திருக்கும், மாரில் அடித்துக்கொண்டு விழுந்திருப்பாள். இவள் வாளியை வைத்தாள், அவ்வளவுதான். வாளிக்குள் தண்ணீர் ஆடி ஆடி அடங்கியது. அதை அத்தனை கிட்டத்தில் காட்டினார்கள். அந்தத் தண்ணீர் நிற்கும் வரைக்கும் எனக்கு மூச்சு வரவில்லை.

தார்ப்பாய் கட்டிய கூடம்

நான் சொல்வது ஒரு ஜப்பான் நாட்டுப் படம். கறுப்பு வெள்ளை. கிட்டத்தட்ட என் வயசு இருக்கும் அதற்கு. எங்கள் நெம்மேலியில், சுனாமிக்குப் பிறகு கட்டிக்கொடுத்த சமுதாயக் கூடத்தில், ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அதைப் பார்த்தேன்.

போட்டவர் ஆறுமுகம் சார். அணு ஆராய்ச்சி வேலையில் இருந்து ரிடையர் ஆனவர். திருநெல்வேலிப் பக்கத்துக்காரர், ஊருக்குத் திரும்பாமல் இங்கேயே வீடு கட்டிக்கொண்டார். மாதம் ஒரு படம் போடுவார். டிக்கெட் கிடையாது, யார் வேண்டுமானாலும் வரலாம். கூடத்துச் சன்னல்களுக்குக் கதவு இல்லை, உப்புக்காற்று எப்போதோ தின்றுவிட்டது. வெளிச்சம் வராமல் இருக்கப் படகு மூடுகிற நீலத் தார்ப்பாயை இரவல் வாங்கிக் கட்டுவார்கள். உள்ளே மீன் வாடையும் தார்ப்பாய் வேகிற வாடையும் கலந்து அடிக்கும். ஃபேன் சுற்றும், காற்று வராது. வேர்த்து ஒழுக உட்கார்ந்துகொண்டு, அங்கேதான் நாங்கள் பனி கொட்டுவதைப் பார்த்தோம்.

எனக்கு எழுத்துக் கூட்டி பஸ் போர்டு படிக்க வரும். இந்தப் பக்கங்களைக்கூட நான் கோணல்மாணலாக எழுதி, பத்திரிகைக்காரர்கள் நேராக்கிப் போடுகிறார்கள். இங்கிலீசு எழுத்து சுத்தமாக வராது. படத்துக்கு அடியில் ஓடுவதெல்லாம் இங்கிலீசு. என்னைப் போன்றவர்களுக்காக ஆறுமுகம் சார் மைக்கைப் பிடித்துக்கொண்டு ஓரமாக நின்று தமிழில் சொல்லிக்கொண்டே வந்தார்.

வீட்டிலிருந்து என்னைக் கிளப்பிக்கொண்டு போனது என் மருமகள் ஜெனிபர். பையில் வெற்றிலை, மூக்குக் கண்ணாடி, என் பித்தளை டம்ளர். எங்கே போனாலும் அந்த டம்ளர் என்னோடு வரும். ஆஸ்பத்திரியானாலும் கல்யாணமானாலும் அதில்தான் தண்ணீர் குடிப்பேன்.

என் பிள்ளை ரவிக்குக் கடல்தண்ணீரைக் குடிதண்ணீராக்குகிற ஆலையில் வேலை. அவன் அன்றைக்கும் கேலி செய்தான்.

"யம்மா, பட்டணத்துக்கே நாங்க தண்ணி அனுப்பிகினு கீறோம். நீ இன்னான்னா டம்ளர தூக்கினு சுத்துற."

"தண்ணி உன்து, டம்ளரு என்து. போடா வேலயப் பாத்துக்கினு."

டம்ளருக்கு ஒரு கதை இருக்கிறது. சவுக்குத் தோப்பில் விறகு வெட்டியது, இறால் குட்டையில் வேலை செய்தது எல்லாம் இத்தனை வாரமாக எழுதினேன். சொந்த ஊரான படாளத்தை விட்டு இந்தக் கடற்கரைக்கு ஏன் வந்தீர்கள் என்று சிலர் கேட்டிருந்தார்கள். அதற்கு மட்டும் வாய் திறக்காமல் சுற்றி வளைத்துக்கொண்டிருந்தேன். இந்தப் படம் வந்து சொல்ல வைத்துவிட்டது.

வெங்காயம் உரித்த நாள்

படம் பார்ப்பதற்கு முந்தின வாரம் ஜெனிபர் வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். அவள் கேளம்பாக்கத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் டீச்சர். ஏதோ கேட்கப் போகிறாள் என்று முகத்திலேயே தெரிந்தது.

"அத்த, எங்க ஸ்கூல்ல கவிதா மிஸ் கீறாங்கல்ல, அவுங்க அம்மா உங்க ஊராம். படாளம்."

"பேரு இன்னா?"

"பவுனம்மா."

நான் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தேன். நிறுத்தவில்லை.

"மக வூட்ல வந்து கீறாங்க. ஒடம்பு சொகமில்ல. உங்கள ஒரு தபா பாக்கணும்னு சொல்லிக்கினே கீறாங்களாம்."

"எனக்கும் அவளுக்கும் அன்னந்தண்ணி பொழக்கம் இல்ல."

"எப்பலேந்து?"

"உம்புருசன் பொறக்கறதுக்கு மின்னாலேந்து."

ஜெனிபர் கொஞ்ச நேரம் வெங்காயத் தோலைப் பொறுக்கினாள். பிறகு சொன்னாள்: "ரொம்ப நாளு தாங்காதுன்னு டாக்டரு சொல்ட்டாராம், அத்த."

"சொன்னா சொல்லட்டும்."

ஜெனிபர் வேறு குடும்பத்தில், வேறு கோயிலில் வளர்ந்த பெண். அவளுக்கு இது புரியாது. எங்கள் பக்கத்தில் அன்னந்தண்ணி புழக்கம் இல்லை என்று சொல்லிவிட்டால் அதற்கு மேல் பேச்சில்லை. அவள் வீட்டில் நான் சோறு தின்ன மாட்டேன். என் கையால் அவளுக்கு ஒரு வாய்த் தண்ணீர் தர மாட்டேன். சாகும்போது வாயில் பால் ஊற்றவும் போக மாட்டேன். எங்களைப் போன்றவர்களிடம் கத்தியா இருந்தது, பழிவாங்க? இது இருந்தது. இதை நான் ஒரு நாளும் துருப்பிடிக்க விடவில்லை.

ஏன் தூக்கினான்?

படத்துக்கு வருகிறேன். அந்த ஊர்ப் பெயர்கள் என் வாயில் நுழையவில்லை, நானே பெயர் வைத்துக்கொண்டேன். கோட்டைக் கதவைக் காக்கிறவன் கதவுக்காரன். கோட்டைக்கே சோறு பொங்குகிறவள் உலைக்காரி. வாளியைச் சிந்தாமல் வைத்தாளே, அவள்தான்.

கோட்டைத் தலைவர் கதவுக்காரனைத் தம்பி மாதிரி நம்பினார். இரண்டு பேரும் ஒரே பானையில் இருந்து எடுத்துச் சாப்பிட்டார்கள். வெளியே எதிராளிகள் கூடாரம் அடித்துக் கிடந்தார்கள், உள்ளே வர வழியில்லை. ஒரு மழைநாளில் கதவுக்காரன் தாழ்ப்பாள் கட்டையைத் தூக்கினான். பல ஆள் சேர்ந்து தூக்குகிற கட்டை. ஒருத்தனாகத் தூக்குகிறான். கழுத்து நரம்பு கயிறு மாதிரி எழும்புகிறது. மழை அவன் வாய்க்குள் போகிறது.

ஏன் தூக்கினான் என்று கடைசிவரை சொல்லவில்லை. யாரும் அவனை மிரட்டினதாகக் காட்டவில்லை, அவன் எதையும் வாங்கிக்கொண்டதாகவும் காட்டவில்லை. தூக்கினான்.

கோட்டையில் ஒருத்தரும் மிஞ்சவில்லை. வெட்டு, குத்து, ரத்தம் ஒன்றும் காட்டவில்லை. அந்தக் குதிரையும் அந்த வாளியும்தான். ஆனால் ஒவ்வொரு பிணத்தையும் நான் பார்த்த மாதிரி இருந்தது.

அப்புறம் காலம் ஓடுகிறது. கதவுக்காரன் பெரிய மனிதனாகிவிட்டான். அரண்மனை மாதிரி வீடு. அந்த வீட்டுக்குச் சுவரே கிடையாது, எல்லாம் கதவு! மரச்சட்டத்தில் காகிதம் ஒட்டிய கதவு, தள்ளினால் நகருகிறது. இந்தப் பக்கம் தள்ளினால் அறை, அந்தப் பக்கம் தள்ளினால் தோட்டம். பொழுது சாய்வதற்குள் எல்லாக் கதவையும் சாத்திவிட வேண்டும் என்பது அவன் கட்டளை. ஆட்கள் சாத்திய பிறகும் அவனே போய் ஒவ்வொன்றையும் தொட்டுப் பார்ப்பான். 

அந்த வீட்டுக்கு உலைக்காரி சமையலுக்கு வந்து சேருகிறாள். அவனுக்கு அடையாளம் தெரியவில்லை. அடுப்படியில் இருக்கிறவளின் முகத்தை எந்த எசமான் பார்க்கிறான்?

இன்றைக்கு விஷம் வைப்பாள், நாளைக்குக் கத்தி எடுப்பாள் என்று நான் பார்த்துக்கொண்டே இருக்கிறேன். அவள் சோறு பொங்குகிறாள். பாத்திரம் கழுவுகிறாள். தலை நரைக்கிறது. அந்தப் பொறுமையைப் பார்க்கப் பார்க்க எனக்குப் புல்லரித்தது. இவளும் என் சாதியடா என்று நினைத்தேன். பிறந்த சாதியைச் சொல்லவில்லை. மறக்காதவர்களின் சாதி.

நடுவில் அந்த வீட்டு வயலைக் காட்டினார்கள். நடவு! பெரிய பெரிய ஓலைத்தொப்பி வைத்த பெண்கள், வரிசையாகக் குனிந்து, பின்பக்கமாகவே நகர்ந்து நகர்ந்து நடுகிறார்கள். அங்கேயும் அப்படித்தான்! கட்டைவிரலால் நாற்றை அழுத்துவதும் அதே மாதிரிதான். சேறு வெள்ளித் தட்டு மாதிரி மின்னியது. நாற்காலியில் உட்கார்ந்திருந்த எனக்கு இடுப்பு வலித்தது.

படாளத்துச் சேறு

பவுனும் நானும் நடவு வரிசையில் பக்கத்துப் பக்கம் நிற்பவர்கள். எட்ட நின்று பார்த்தால் நாலு கை உள்ள ஒருத்தி நடுகிற மாதிரி இருக்கும் என்று சொல்வார்கள். அவள் வாய் சும்மா இருக்காது. அவள் சிரிக்க வைத்தே எங்களுக்குப் பாதி வெயில் கழிந்துவிடும்.

உச்சிப்பொழுதில் பெரிய வீட்டம்மா வரப்புக்கு வருவார். பின்னால் ஓர் ஆள் குடத்தோடு வருவான். நாங்கள் வரப்புக்குக் கீழே குனிந்து நின்று இரண்டு கையையும் குவிக்க வேண்டும். அந்தம்மா சொம்பில் மோந்து, மேலேயிருந்து, எங்கள் மேல் பட்டுவிடாமல் ஊற்றுவார். பாதி வாய்க்குள் போகும், பாதி முழங்கை வழியாக ஓடி ரவிக்கைக்குள் போகும். என் அம்மா அப்படித்தான் குடித்தாள். அவளுடைய அம்மாவும் அப்படித்தான்.

முதலில் வாய் திறந்தவள் பவுனுதான். இதை நான் மறைக்க மாட்டேன். ஒரு நாள் கையை உதறிக்கொண்டே சொன்னாள்:

"ஏன்டி, மாட்டுக்குக் கூட தொட்டி கீது. நமக்கு மட்டும் இன்னாடி கையி?"

எல்லோரும் சிரித்தோம். சிரித்து முடித்த பிறகு அவரவர் கையைப் பார்த்துக்கொண்டோம். அன்றைக்கு மாலை கன்னியம்மன் கோயிலில் கற்பூரம் கொளுத்தி, உள்ளங்கையால் அணைத்துச் சத்தியம் செய்தோம். குடிக்கப் பாத்திரம் கொடுக்கிற வரைக்கும் யாரும் சேற்றில் கால் வைப்பதில்லை. பவுனு கையைத்தான் முதலில் வைத்தாள். உள்ளங்கை கொப்பளித்துப்போனது அவளுக்கு.

நடாமல் கிடந்து நாற்று முற்றிக்கொண்டே போனது. பெரிய வீட்டில் இறங்கி வருகிற மாதிரி இருந்தது. சொம்பு தனியாக வாங்கி வைக்கப் போகிறார்களாம் என்று பேச்சு அடிபட்டது. அப்போதுதான் ஒரு நாள் விடிகிற நேரத்தில் வயல் பக்கம் பேச்சுக்குரல் கேட்டுப் போய்ப் பார்த்தேன். வெளியூர் ஆட்களை இறக்கியிருந்தார்கள். வரிசையின் முதலில், புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, பவுனு.

நான் வரப்பில் நின்றேன். அவள் தலை தூக்கவில்லை. பின்பக்கமாகவே நகர்ந்து நகர்ந்து என்னை விட்டுத் தூரமாகப் போனாள்.

உச்சிப்பொழுது வரைக்கும் நின்றேன். பெரிய வீட்டம்மா வந்தார். பவுனு கையில் ஒரு பித்தளைச் சொம்பைக் கொடுத்தார். பவுனு அண்ணாந்து குடித்தாள். தொண்டை ஏறி ஏறி இறங்கியது. மற்றவர்களுக்குக் கையில்தான் ஊற்றினார்கள்.

அப்புறம் எங்களில் ஒவ்வொருத்தியாக இறங்கிவிட்டார்கள். அடுப்பு எரிய வேண்டுமே, நான் யாரையும் குறை சொல்ல மாட்டேன். அவர்களுக்கும் கைதான். அடுத்த போகத்தில் பவுனுக்கும் கைதான் என்று கேள்விப்பட்டேன். நான் இறங்கவில்லை. என் வீட்டுக்காரரும் நானும் ஒரு மூட்டையோடு பஸ் ஏறி, செங்கல்பட்டு வந்து, அங்கிருந்து இந்தக் கடற்கரைக்கு வந்து சேர்ந்தோம். விறகு வெட்டி வாங்கிய முதல் கூலியில் மாமல்லபுரம் கடைத்தெருவில் வாங்கியதுதான் இந்த டம்ளர்.

அப்பிடிப் போடு!

படத்தில் கதவுக்காரனுக்கு வயசாகிவிட்டது. ஒரு நாள் கோயிலுக்குப் போகிறான். துணைக்கு உலைக்காரி. கோயில் வாசலில் ஒரு கல்தொட்டி, அதில் மூங்கிலால் செய்த நீள அகப்பை. உலைக்காரி தொட்டியிலிருந்து தண்ணீர் மோந்தாள். அந்தப் பெரிய மனிதன், அரண்மனைக்காரன், குனிந்தான். இரண்டு கையையும் குவித்தான். அவள் மேலேயிருந்து ஊற்றினாள். அவன் அதை வாயில் வாங்கினான். தண்ணீர் முழங்கை வழியாக ஓடி அவனுடைய பட்டுச் சட்டைக்குள் போனது.

எங்களுக்கு உடம்பெல்லாம் சூடேறிவிட்டது. முன்வரிசைப் பெண்கள் "அப்பிடிப் போடு!" என்று கை தட்டினார்கள். நானும் தட்டினேன். இத்தனை வருசம் காத்திருந்தது இதற்குத்தானா என்று நினைத்தேன். இதுதான் பழி, இதைவிட என்ன வேண்டும்? பின்னாலிருந்து ஒரு கரகரத்த குரல் கூடத்தையே தூக்குகிற மாதிரி கத்தியது:

"குடிடா! கையில வாங்கிக் குடி! எப்பிடிக் கீதுன்னு பாரு!"

எனக்குக் கை தட்டல் பாதியில் நின்றது. எந்தக் கூட்டத்தில் இருந்தாலும் அந்தக் குரலை எனக்குத் தெரியும்.

ஆறுமுகம் சார் பதறிப்போய்ப் படத்தை நிறுத்திவிட்டார்.

"ஐயய்யோ, என்னம்மா கை தட்டுதிய? அது அவமானம் இல்ல. அந்த ஊர்ல கோயிலுக்குள்ள போறதுக்கு முன்னால கையக் கழுவி வாயக் கொப்பளிப்பாவ. மரியாதைம்மா அது!"

"மரியாதையா?" என்று முன்வரிசையில் ஒருத்தி கேட்டாள். "அப்ப எங்க பாட்டனாருக்கெல்லாம் ரொம்ப மரியாததான் பண்ணிகிறாங்க, சார்."

கூடமே சிரித்தது. சாரும் சிரித்தார். பிறகு சிரிப்பு நின்று, "நீங்க சொல்லுதது புரியுதும்மா" என்றார் மெதுவாக.

நான் திரும்பிப் பார்க்கவில்லை. பக்கத்தில் ஜெனிபர் மடியில் இருந்த பையையே பார்த்துக்கொண்டிருந்தாள். இது அவளும் அந்தக் கவிதா டீச்சரும் சேர்ந்து போட்ட திட்டம் என்று இன்றைக்கும் எனக்குச் சந்தேகம் உண்டு. கேட்டால் இல்லை என்றுதான் சொல்வாள்.

எழுந்து போய்விடலாமா என்று நினைத்தேன். படம் விடவில்லை.

மைக் நின்றுபோன பிறகு

அதற்கப்புறம் கொஞ்ச நேரத்தில் மைக்கில் சார்ஜ் தீர்ந்தது. சார் வாயாலேயே சொல்லிப் பார்த்தார், ஃபேன் சத்தத்தில் கேட்கவில்லை. "பரவால்ல சார், நீங்க உக்காருங்க, நாங்களே பாத்துக்கறோம்" என்றோம். அவரும் உட்கார்ந்துவிட்டார்.

கதவுக்காரனின் பிள்ளைகள் போய்விட்டார்கள். ஆட்கள் போய்விட்டார்கள். அத்தனை பெரிய வீட்டில் அவனும் உலைக்காரியும்தான். வெளியே பனி. அவன் படுக்கையில் கிடக்கிறான். அவள் கஞ்சி கொண்டுவந்து ஊட்டுகிறாள். ஒரு வாய் வாங்கினான். வாங்கியவன் அப்படியே உறைந்துவிட்டான். கஞ்சி வாயில் இருக்கிறது, விழுங்கவில்லை. கண் மட்டும் மெல்ல மேலே வந்து அவள் முகத்தில் நின்றது. அந்தக் கோட்டைக் கஞ்சி! நாக்குக்குத் தெரிந்துவிட்டது.

அங்கே இரண்டு பேரும் என்ன பேசிக்கொண்டார்கள் என்று பிறகு சாரைக் கேட்டேன். "அந்த இடத்துல வசனமே கிடையாதும்மா" என்றார்.

அவன் விழுங்கினான். மறுபடியும் வாயைத் திறந்தான். அவள் மீதிக் கஞ்சியையும் ஊட்டினாள். வாயைத் துடைத்துவிட்டாள். கிண்ணத்தைக் கழுவிக் கவிழ்த்து வைத்தாள்.  கத்தி எங்கே வைத்திருக்கிறாள்?

உலைக்காரி எழுந்து போய் ஒரு கதவைத் தள்ளித் திறந்தாள்.

பிறகு அடுத்த கதவு. அதற்கடுத்தது. அவசரமே இல்லை. ஒவ்வொரு கதவிலும் இரண்டு கையையும் வைத்து, கடைசிவரைக்கும் தள்ளி, பிறகுதான் அடுத்ததற்குப் போனாள். அந்த மரம் நகருகிற சத்தம் இன்னும் என் காதில் இருக்கிறது. ஒரு கதவுக்குப் பின்னால் ஒரு கதவு, அதற்குப் பின்னால் இன்னொன்று, கடைசியில் தோட்டம் தெரிந்தது, தோட்டத்துக்கு அப்பால் வாசல், வாசலுக்கு அப்பால் வெறும் வெள்ளை. அந்த வாசலையும் திறந்து வைத்துவிட்டு அவள் நடந்து போனாள். தோளில் அந்தப் பழைய கழி, இரண்டு வாளி. திரும்பிப் பார்க்கவில்லை.

பனிக்காற்று வீட்டுக்குள் வருகிறது. விளக்கு ஆடுகிறது. கிழவன் தவழ்ந்து வந்து ஒரு கதவைச் சாத்துகிறான். அடுத்ததற்கு ஊர்ந்து போகிறான். யாரோ உள்ளே வரப் போகிறார்கள் என்று திறந்த வாசலைப் பார்க்கிறான். யாரும் வரவில்லை. அதுதான்! யாருமே வரவில்லை! அவன் மறுபடி ஊர்கிறான். படம் பின்னால் போய்க்கொண்டே இருக்கிறது. வீடு சின்னதாகிறது. எத்தனையோ கதவுகளுக்கு நடுவில் ஒரு புழு மாதிரி அவன்.

அவ்வளவுதான். முடிந்துவிட்டது.

ஒருத்தரும் எழுந்திருக்கவில்லை. வேர்வையில் நனைந்து உட்கார்ந்திருந்த எனக்குக் குளிர்ந்தது. இப்படி ஒன்றை யோசித்தவன் மனிதனா என்று நினைத்தேன். அவன் மேல் ஒரு கீறல் இல்லை, ஒரு சொல் இல்லை. அவன் செய்ததையே எடுத்து அவன் கையில் கொடுத்துவிட்டுப் போய்விட்டாள். இத்தனை வருசமாக நான் பெரிய வைராக்கியக்காரி என்று நினைத்துக்கொண்டிருந்தேன். அவள் காலடியில் உட்கார்ந்து ஒரு வேளை கஞ்சி வாங்கிக் குடிக்க வேண்டும் போல் இருந்தது.

கப்பு தீர்ந்துவிட்டது

தார்ப்பாய்களை அவிழ்த்தார்கள். வெளிச்சம் கண்ணில் குத்தியது. கடல்காற்று ஒரே மூச்சாக உள்ளே வந்து நாற்காலிகளைத் தள்ளியது. பின்வரிசையிலிருந்து மகளின் கையைப் பிடித்துக்கொண்டு ஒரு கிழவி எனக்கு நேராக வந்தாள். நார் மாதிரி ஆகிவிட்டிருந்தாள். வாய் மட்டும் அப்படியே இருந்தது.

"இன்னாடி எல்லம்மா, அவன ஒரே போடா போட்டுட்டுப் போயிருக்கலாம்ல அவ? இன்னாத்துக்கு கதவத் தொறந்துகினு கெடக்கறா?"

 எதிரே வெற்றுத் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"சரி, பேசாத. நானே பேசிக்கறேன். எனக்கு வாயி இன்னா வாடகைக்கா எடுத்தாந்தது?"

சொல்லி முடிப்பதற்குள் இருமல் வந்துவிட்டது. நிற்கவில்லை. ஜெனிபரும் கவிதாவும் தண்ணீர் கேன் இருந்த மூலைக்கு அவளை நடத்திக்கொண்டு போனார்கள். கேனுக்குப் பக்கத்தில் அடுக்கியிருந்த பேப்பர் கப்பு எல்லாம் படத்துக்கு முன்னால் கொடுத்த டீக்கே தீர்ந்துவிட்டது. "இருங்கம்மா, கப்பு எடுத்தாறேன்" என்று கவிதா வெளியே ஓடினாள். பவுனு காத்திருக்கவில்லை. கேன் குழாய்க்குக் கீழே குனிந்தாள். இரண்டு கையையும் குவித்தாள்.

இடது உள்ளங்கையில் அந்தக் கற்பூரத் தழும்பு இருந்தது.

நான் எப்போது எழுந்தேன் என்று எனக்குத் தெரியாது. பையைத் திறந்து டம்ளரை எடுத்தது மட்டும் ஞாபகம் இருக்கிறது.

"கைய எடுடி."

அவள் குனிந்தபடியே என்னைப் பார்த்தாள். நான் குழாயைத் திறந்து டம்ளரை நிரப்பி நீட்டினேன். வாங்கினாள். வழக்கப்படி அண்ணாந்து, உதட்டில் படாமல் தூக்கி ஊற்றிக்கொள்ளப் பார்த்தாள். தண்ணீர் கழுத்தெல்லாம் வழிந்தது.

"வாய வச்சுக் குடி."

"எச்சி ஆயிடும்டி."

"ஆவட்டும்."

வாய் வைத்துக் குடித்தாள். அவள் தொண்டை ஏறி இறங்குவதை அன்றைக்கு வரப்பில் நின்று பார்த்த மாதிரியே பார்த்துக்கொண்டு நின்றேன். குடித்து முடித்து டம்ளரைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"ஏன்னு கேக்க மாட்டியா?"

"கேட்டா இன்னா சொல்லுவ?"

அவள் டம்ளரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

"நெறய யோசிச்சு வச்சிருந்தேன். புள்ளைக்கு ஒடம்பு சரியில்லன்னு, அந்தாளு அடிச்சான்னு. எல்லாம் பொய்யி. எல்லாருக்கும் கெடைக்கறதுக்கு மின்ன, எனக்கு மொதல்ல கெடைக்கணும்னு ஒரு ஆச. அவ்ளோதான்டி."

நான் அவள் கையிலிருந்து டம்ளரை வாங்கினேன். குழாயைத் திறந்து நிரப்பினேன். வாய் வைத்துக் குடித்தேன்.

நான் அவளை மன்னித்துவிட்டேன் என்று இதைப் படிக்கிறவர்கள் நினைத்துக்கொள்ள வேண்டாம். அந்தப் பேச்சை அவளும் எடுக்கவில்லை, நானும் எடுக்கவில்லை. ஷேர் ஆட்டோ வரும் வரைக்கும் உலைக்காரி எங்கே போயிருப்பாள் என்று சண்டை போட்டுக்கொண்டிருந்தோம். மலைக்குப் போயிருப்பாள் என்றாள் அவள். இல்லை, வேறொரு வீட்டில் சோறு பொங்கப் போயிருப்பாள் என்றேன் நான்.

அவர்கள் ஆட்டோ கிளம்பிய பிறகு ஜெனிபர் என் பையை வாங்கிக்கொண்டாள்.

"அத்த, டம்ளரக் குடுங்க, கழுவிக் குடுக்கறேன்."

"வாணாம்," என்றேன். "அப்பிடியே பையில போடு."